புயலடிச்ச மனசுக்கு தனுஷ்கோடி!

உங்க கேங்குல யாருக்காவது லவ் புட்டுக்கிச்சா பாஸ்? 'இவளை விட்டா ஆளா இல்ல?'னு உடனே அடுத்த பொண்ணைக் கை காட்டாதீங்க. நாங்க அப்படித்தான் பண்ணினோம். மூணு நாள் எங்ககூட பேசவே இல்ல நண்பன்.

அப்புறம்தான் ராமேஸ்வரத்துக்கு பஸ் ஏத்தினோம். அங்கேயிருந்து தனுஷ்கோடி. 1964 டிசம்பர் புயல் ஒரே ராத்திரியில துடைச்செறிஞ்ச ஊர். இடிஞ்ச சர்ச் முன்னாடி ரொம்ப நேரம் நின்னான். நாங்க வாயே திறக்கல. நாங்க செஞ்ச ஒரே உருப்படியான உதவி அதுதான்!

'வாழத் தகுதியில்லாத இடம்'னு அரசாங்கமே கைவிட்ட மண். ஆனா, மீனவக் குடும்பங்கள் இன்னமும் குடிசை போட்டு இருக்காங்க. உப்புக் கடலை ஒட்டி மணலைத் தோண்டினா, நல்ல தண்ணி ஊறுது. அரிச்சல்முனை வரைக்கும் ரோடு வந்தது 2017-லதான். அம்பது வருஷத்துக்கு மேல!

"எனக்கு அவ்வளவு நாள் ஆகாதுடா"னு முதல்முறையா சிரிச்சான்.

முனையில ஒரு பக்கம் ஆண் கடல், இன்னொரு பக்கம் பெண் கடலாம். "இங்கேயும் ஜோடியா?"னு முறைச்சான்.

திரும்புற பஸ்ல மெதுவா கேட்டான்: "அன்னிக்கு ஒரு பொண்ணைப் பத்தி சொன்னீங்களே... பேரு என்ன?"

நாங்க எல்லாரும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டோம். சிரிப்பை மறைக்கத்தான்!