வெள்ளைக்கார வாத்தியாரும் தமிழ் தெரியாத டீச்சரும்

பள்ளிக்கூட வாத்தியார் வேலையை விட்டுவிட்டு சினிமாவுக்குப் போனவர்கள் உண்டு. அதில் ஒரு வெள்ளைக்காரரும் உண்டு தெரியுமா? டாம் ஆல்டர்.

1950-ல் முசௌரியில் அமெரிக்க மிஷனரி குடும்பத்தில் பிறந்தவர். அமெரிக்காவுக்குப் படிக்கப் போய், மனம் ஒட்டாமல் திரும்பி வந்தார். பத்தொன்பது வயதில் ஹரியானாவில் ஜகாத்ரி என்ற ஊரில் பள்ளி ஆசிரியர். அங்கே 'ஆராதனா' பார்த்தார். அவ்வளவுதான், ராஜேஷ் கன்னா பைத்தியம் பிடித்துவிட்டது! புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்து 1974-ல் முடித்தார்.

இந்தியும் உருதுவும் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஆனால் சினிமா கொடுத்தது பெரும்பாலும் துரை வேஷம்தான். 1993-ல் வந்த 'ஜபான் சம்பால்கே' டிவி தொடரில் என்ன வேடம் தெரியுமா? இந்தி கற்றுக்கொள்ள வகுப்புக்கு வரும் வெள்ளைக்காரர்! நாடக மேடைதான் அவரை மௌலானா ஆசாத்தாக நிற்க வைத்தது. 2008-ல் பத்மஸ்ரீ. 2017-ல் காலமானார்.

இப்போது நம்ம பக்கம் வருவோம். லிவர்பூலில் வளர்ந்த எமி ஜாக்சன் 2010-ல் 'மதராசபட்டினம்' படத்தில் கவர்னர் மகளாக வந்தார். பொருத்தமான வேடம், நன்றாகவும் செய்தார். ஆனால் 2015-ல் 'ஐ' படத்தில் நம்மூர் மாடல் தியா. பேசியது ரவீனா ரவியின் குரல். 2016-ல் 'தெறி' படத்தில் கேரளத்துப் பள்ளிக்கூட டீச்சர் ஆனி!

யோசித்துப் பாருங்கள். மொழி தெரிந்த ஆணுக்கு வெள்ளைக்காரன் வேஷம். மொழி தெரியாத பெண்ணுக்கு நம்மூர்ப் பெண் வேஷம். இரண்டு இடத்திலும் தோல்தான் பேசியது, நாக்கு பேசவில்லை.

எமி மேல் எனக்குக் கோபமில்லை. கொடுத்த வேலையைச் செய்தார். காமர்ஸ் மாணவன் பாஷையில் சொன்னால், கிராக்கி இருக்கிற சரக்குதான் சந்தைக்கு வரும். அந்தக் கிராக்கி நாம்தான். தமிழ் பேசும் மாநிறப் பெண் கதாநாயகியானால் அதையே செய்தியாகப் பேசுகிறோமே!

சினிமாவை மட்டும் சொல்வானேன்? எங்கள் காஞ்சிபுரம் காந்தி ரோட்டுக்கு வந்து பட்டுக்கடை விளம்பரங்களை அண்ணாந்து பாருங்கள். சேலை எங்கள் ஊர்த் தறியில் நெய்தது. அதைக் கட்டியிருக்கிற முகத்தில், தறி போடும் வீட்டுப் பெண்ணின் நிறம் இருக்கிறதா என்று நீங்களே சொல்லுங்கள்.