மூணு பிரம்படியும் ஒரு வெள்ளை ஃபோர்டு காரும்!

ஸ்கூல்ல ஒரு தடவைகூட அடி வாங்காம ப்ளஸ் டூ தாண்டினவங்க கொஞ்சம் கையைத் தூக்குங்க பார்க்கலாம்... ம்ஹூம், ஒருத்தரையும் காணோம்! ஸ்கேலோ, பிரம்போ, டஸ்டரோ... ஏதோ ஒண்ணு நம்ம மேல பட்டிருக்கும். எட்டாவது வரைக்கும் புள்ளைங்களை அடிக்கவே கூடாதுனு 2009 கல்வி உரிமைச் சட்டத்தோட 17-வது பிரிவு சொல்லுது. நான் ஸ்கூலுக்குள்ள காலெடுத்து வைக்கிறப்பவே இருந்த சட்டம். எங்க பி.டி. சார் கையில இருந்த பிரம்புக்கு மட்டும் அது கடைசிவரைக்கும் தெரியாது. இப்ப அதையெல்லாம் கேன்டீன்ல உட்கார்ந்து சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறோம்.

ஆனா பாருங்க, மூணே மூணு அடி வாங்கின ஒரு பையனோட கேஸ், உலக நாடுகளோட ஒப்பந்தங்களை எப்படிப் படிக்கணும்கிறதையே மாத்தி வெச்சிருக்கு. சிவில் மூணாவது வருஷம் படிக்கிற எனக்கு இதுல என்ன வேலைனு கேட்காதீங்க. லா காலேஜ்ல படிக்கிற ஃப்ரெண்ட் ஒருத்தி என்கிட்ட ஒரு தீர்ப்பு நகலைத் தள்ளிவிட்டுட்டா. ராத்திரி ரெண்டு மணிவரைக்கும் படிச்சேன். சத்தியமா, எங்க டெக்ஸ்ட் புக்கை நான் அப்படிப் படிச்சதில்லை!

இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுவுல 'ஐல் ஆஃப் மேன்'னு ஒரு குட்டித் தீவு. 1972-ல அங்கே ஒரு 15 வயசுப் பையனும் அவனோட கூட்டாளிகளும் ஸ்கூலுக்கு பீர் கொண்டுவந்ததை, ஒரு சீனியர் போட்டுக்கொடுத்துட்டான். பசங்க சும்மா இருப்பாங்களா? சீனியரைப் புரட்டி எடுத்துட்டாங்க. விஷயம் சிறுவர் கோர்ட்டுக்குப் போச்சு. தீர்ப்பு, மூணு பிரம்படி. ஏப்ரல் 28-ம் தேதி போலீஸ் ஸ்டேஷன்ல, டிரவுசரையும் உள்ளாடையையும் இறக்கச் சொல்லி, மேஜை மேல குனிய வெச்சு, ரெண்டு போலீஸ் பிடிச்சுக்க, மூணாவது ஆள் அடிச்சார். முதல் அடியிலேயே பிரம்பு உடைஞ்சு சிதறிச்சாம். ஒண்ணரை வாரம் வலி.

பையன் தரப்புல கேஸ், பிரான்ஸ்ல ஸ்ட்ராஸ்பர்க் நகரத்துல இருக்கிற ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்துக்குப் போச்சு. நடுவுல, அவனே 'எனக்குக் கேஸ் வேணாம்'னு பின்வாங்கப் பார்த்தான். 'இது உன் ஒருத்தன் பிரச்னை இல்லை தம்பி'ங்கிற கணக்கா ஆணையம் விடலை. 1950-ல நாடுகள் போட்டுக்கிட்ட ஐரோப்பிய மனித உரிமை ஒப்பந்தத்துல 3-வது ஷரத்து, சித்ரவதை கூடாது, மனிதத்தன்மையற்ற அல்லது இழிவுபடுத்துற தண்டனை கூடாதுனு சொல்லுது. பிரம்படினு ஒரு வார்த்தைகூட அதுல கிடையாது. இருக்கவும் வாய்ப்பில்லை. அந்தக் காலத்துல பிரிட்டிஷ் ஸ்கூல்கள்ல பிரம்பு சர்வ சாதாரணம்.

தீவு தரப்பு வாதம் ரொம்ப சிம்பிள். 'எங்க ஜனங்களுக்கு இது பிடிச்சிருக்கு!' சும்மா சொல்லலை. ஓட்டுரிமை இருந்த 45,000 பேர்ல 31,000 பேர், பிரம்படி வேணும்னு ஒரு மனுவுல கையெழுத்துப் போட்டிருந்தாங்க. நம்ம ஊர்ல சர்வே எடுத்தாலும் கிட்டத்தட்ட இதே ரிசல்ட்தான் வரும்னு நினைக்கிறேன்.

1978 ஏப்ரல் 25-ல தீர்ப்பு வந்துச்சு. இது சித்ரவதை இல்லை, ஆனா இழிவுபடுத்துற தண்டனை. யாரும் பார்க்காட்டியும் பரவாயில்லை, அவன் கண்ணுக்கு அவனே தாழ்ந்துபோனா போதும், அது இழிவுதான்னு சொன்னாங்க. அதோட ஒரு வரி... இந்த ஒப்பந்தம் உயிருள்ள ஒரு ஆவணம், அதை இன்னிக்கு இருக்கிற நிலைமையை வெச்சுத்தான் படிக்கணும்னு. இன்னிக்கு வரைக்கும் அந்தக் கோர்ட் திரும்பத் திரும்ப எடுத்துப் பயன்படுத்துற வரி அது.

ஏழு ஜட்ஜுல ஆறு பேர் ஒரு பக்கம். தனியா நின்னவர் பிரிட்டிஷ் ஜட்ஜ் சர் ஜெரால்டு ஃபிட்ஸ்மாரிஸ். அவர் எழுதினதைப் படிச்சப்ப எனக்குக் கோபம் வரலை, சிரிப்புதான் வந்துச்சு. தானும் பிரம்பு இருந்த ஸ்கூல்ல வளர்ந்த ஆள், அதனால தன் பார்வை அப்படி இருக்கலாம்னு நேர்மையா ஒத்துக்கிறார். அதோட, வெயில் காலத்து சாயங்காலம் உள்ளே உட்கார்ந்து 500 வரி எழுதுறதுக்கு அடியே தேவலைனு பசங்களே நினைப்பாங்கங்கிறார். பாஸ், இம்போசிஷன் எழுதினவங்க சொல்லுங்க... மனுஷன் சொல்றதுல ஒரு நியாயம் இருக்குதானே!

என் லா ஃப்ரெண்டும் ஏறக்குறைய அவர் கட்சிதான். "டேய், ஒப்பந்தம்னா ரெண்டு பக்கமும் புரிஞ்சு போடுற கையெழுத்து. 1950-ல அவங்க நினைச்சே பார்க்காத அர்த்தத்தை, 1978-ல ஜனங்க நேரடியா ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்காத ஜட்ஜுங்க கண்டுபிடிச்சா, அது சட்டமா, சாமர்த்தியமா?"

நல்ல கேள்வி. எனக்குத் தெரிஞ்ச மாதிரி யோசிச்சுப் பார்த்தேன். எங்க கான்கிரீட் டிசைனுக்கு ஐ.எஸ். 456-னு ஒரு கோடு புக் உண்டு. 1953-ல போட்டாங்க. 1978, 2000-னு கமிட்டி கூடி மாத்தி எழுதினாங்க. பொருள் மாறுது, கணக்குப் போடுற முறை மாறுது, புக்கும் மாறணும். நாடுகளோட ஒப்பந்தத்தை அப்படி மாத்த முடியாது. ஒவ்வொரு நாடும் தலையாட்டணும். ஆனா, 'இழிவு'ங்கிற வார்த்தை 1950-லயே அங்கே இருந்துச்சே? எதெல்லாம் இழிவுங்கிற லிஸ்ட்தானே மாறியிருக்கு! ஒப்பந்தங்களை வார்த்தையோட இயல்பான அர்த்தத்துலயும், அது எதுக்காகப் போடப்பட்டதுங்கிற நோக்கத்தோடயும் சேர்த்துப் படிக்கணும்னு 1969 வியன்னா ஒப்பந்தமும் சொல்லுது.

ஒரு நெருடல் மட்டும் எனக்கு இருக்கு. அந்தக் கோர்ட், மத்த ஐரோப்பிய நாடுகள் என்ன செய்யுதுனும் பார்த்துச்சு. தீவுல பெரும்பான்மை செல்லாது, ஐரோப்பாவுல பெரும்பான்மை செல்லும்னா... அதுவும் தலை எண்றதுதானே? இதுக்கு என்கிட்ட பதில் இல்லை. பிரிட்டிஷ் அரசுப் பள்ளிகள்ல பிரம்பு போனது 1987-ல. அதுக்கு ஸ்காட்லாந்துப் பெற்றோர் ரெண்டு பேர் இதே கோர்ட்டுல 1982-ல ஜெயிச்ச இன்னொரு கேஸ் தேவைப்பட்டுச்சு.

சரி, இப்ப கொஞ்சம் மூச்சைப் பிடிச்சுக்குங்க.

1981 செப்டம்பர் 12. மத்திய அமெரிக்காவுல ஹோண்டுராஸ் நாட்டுத் தலைநகர் தெகுசிகல்பா. சாயங்காலம் நாலரை மணிக்கு மேல, ஊருக்கு நடுவுல இருக்கிற ஒரு பார்க்கிங். நம்பர் பிளேட் இல்லாத வெள்ளை ஃபோர்டு கார் வந்து நின்னுச்சு. சாதா டிரஸ்ல, கையில ஆயுதங்களோட சிலபேர் இறங்கினாங்க. மான்ஃப்ரெடோ வெலாஸ்கஸ்ங்கிற பல்கலைக்கழக மாணவரைத் தூக்கிட்டுப் போனாங்க. பார்த்தவங்க இருந்தாங்க. அவருக்கு மனைவி, மூணு குழந்தைங்க. நாட்டுப் பாதுகாப்புக்கு ஆபத்துனு அரசாங்கம் நினைச்ச வேலைகள்ல அவர் இருந்தார்ங்கிறதுதான் அவர் செஞ்ச தப்பு. குடும்பம் மூணு தடவை ஆட்கொணர்வு மனு போட்டுச்சு, ரெண்டு தடவை கிரிமினல் புகார் கொடுத்துச்சு. ஒண்ணுக்கும் பதில் இல்லை. 'எங்ககிட்ட இல்லை'ங்கிற ஒரே பாட்டு.

போன செமஸ்டர் ஐ.வி. போனப்ப என் போன் சார்ஜ் தீர்ந்து மூணு மணி நேரம் செத்துக் கிடந்துச்சு. அதுக்குள்ள அம்மா என் ரூம்மேட், அவனோட அண்ணன், ஹாஸ்டல் வார்டன்னு பதினோரு பேருக்கு போன் போட்டிருந்தாங்க. திரும்பக் கூப்பிட்டப்ப அம்மா திட்டவே இல்லை. "ம்... சரி... சாப்பிட்டியா?"னு மட்டும்தான் கேட்டாங்க. குரல் ஒரு மாதிரி இருந்துச்சு. தீர்ப்புல அந்தக் குடும்பத்தோட மனுக்களைப் பத்திப் படிக்கிறப்ப அந்தக் குரல்தான் காதுல கேட்டுச்சு.

கேஸ், கோஸ்டாரிகாவோட சான் ஹோசே நகரத்துல இருக்கிற அமெரிக்க நாடுகளோட மனித உரிமை நீதிமன்றத்துக்கு 1986-ல வந்துச்சு. 1979-ல ஆரம்பிச்ச அந்தக் கோர்ட் விசாரிச்ச முதல் பெரிய வழக்கு. சிக்கல் என்னன்னா, அவங்க ஒப்பந்தத்துல 'காணாமலாக்குதல்'னு ஒரு வார்த்தையே கிடையாது. உடம்பு இல்லை, கைது ரெக்கார்டு இல்லை, அப்புறம் எதை வெச்சு நிரூபிக்கிறது?

கோர்ட் யோசிச்ச விதம் அபாரம். சாட்சியை அழிக்கிறதுதான் இந்தக் குற்றத்தோட நோக்கமே. அப்படி இருக்க, 'சாட்சி எங்கே?'னு பாதிக்கப்பட்டவங்களைக் கேட்கிறது அநியாயம். அதனால ரெண்டு கேள்வியாப் பிரிச்சாங்க. அந்த நாட்டுல ஆள் தூக்குறது ஒரு வாடிக்கையா நடந்துச்சா? இவர் காணாமப் போனது அந்த வாடிக்கையோட பொருந்துதா? 1981-லேருந்து 1984 வரைக்கும் 100-லேருந்து 150 பேர் அப்படிக் காணாமப் போயிருக்காங்கனு கோர்ட் கண்டுச்சு. ஒப்பந்தத்துல தனித்தனியா இருந்த உயிர், சுதந்திரம், உடல் நலன்ங்கிற மூணு உரிமையையும் சேர்த்து வெச்சு, காணாமலாக்குறது இந்த எல்லாத்தையும் ஒரே அடியா மீறுதுனு சொல்லிச்சு.

இதுக்கு விலை இருந்துச்சு. விசாரணை நடக்கிறப்பவே, 1988 ஜனவரியில, சாட்சி சொல்லக் கூப்பிடப்பட்ட ஒருத்தரைச் சுட்டுக் கொன்னாங்க. அடுத்த பத்து நாளுக்குள்ள, ஏற்கெனவே சாட்சி சொல்லிட்டு வந்த மிகேல் ஆங்கெல் பவோனையும், கூட இருந்த இன்னொருத்தரையும் கொன்னாங்க. 'சாட்சிகளைக் காப்பாத்து'னு அரசாங்கத்துக்குக் கோர்ட் அவசரமா உத்தரவு போட வேண்டியிருந்துச்சு. நாம அட்டெண்டன்ஸ் குறைஞ்சதுக்கே ஹெச்.ஓ.டி. ரூம் வாசல்ல கை நடுங்க நிற்கிறோம்!

1988 ஜூலை 29-ல தீர்ப்பு. அரசாங்கத்து ஆள்தான் தூக்கினான்னு பேர் சொல்லி நிரூபிக்க முடியாட்டியும் சரி, தடுக்கிறதும் விசாரிக்கிறதும் தண்டிக்கிறதும் அரசாங்கத்தோட கடமை. விசாரணை ஒப்புக்கு நடக்கக் கூடாது. அவருக்கு என்ன ஆச்சுனு தெரியாத வரைக்கும் அந்தக் கடமை தீராது. அடுத்த வருஷம் 7,50,000 லெம்பிரா நஷ்டஈடு, கால்பங்கு மனைவிக்கு, முக்கால்பங்கு குழந்தைங்களுக்குனு உத்தரவாச்சு. மான்ஃப்ரெடோ வரலை.

ஆனா, அந்தத் தீர்ப்பு ஊர் ஊராப் போச்சு. 1992-ல ஐ.நா. பிரகடனம், 1994-ல அமெரிக்க நாடுகளுக்குள்ள இதுக்குனே தனி ஒப்பந்தம், 2006-ல ஐ.நா.வோட உலக ஒப்பந்தம்னு எழுத்துல வந்துச்சு. 1998-ல துருக்கி கேஸ் ஒண்ணுல ஸ்ட்ராஸ்பர்க் கோர்ட்டும் இதை எடுத்துப் பார்த்துச்சு. நாடுகள் எழுதுறதுக்கு முன்னாடியே ஜட்ஜுங்க எழுதிட்டாங்க, நாடுகள் பின்னாடி வந்து கையெழுத்துப் போட்டுச்சு. என் ஃப்ரெண்டோட கேள்விக்கு இதைத்தான் காட்டினேன். "அது சரிடா, ஆனா கேட்கலைனா என்ன பண்ணுவாங்க? போலீஸா இருக்கு அவங்ககிட்ட?"னா.

அதுவும் உண்மைதான். பெரு நாட்டைப் பாருங்க. 1992 ஜூலையில லா கான்டூட்டா பல்கலைக்கழகத்துலேருந்து ஒன்பது மாணவர்களையும் ஒரு பேராசிரியரையும் ராணுவ ஆட்கள் தூக்கிட்டுப் போய்க் கொன்னாங்க. 1995-ல, இந்த மாதிரி வேலை செஞ்சவங்களை யாரும் தொடக் கூடாதுனு சட்டமே போட்டுட்டாங்க. 2001-ல இன்னொரு படுகொலை கேஸ்ல, அந்தச் சட்டமே செல்லாதுனு சான் ஹோசே கோர்ட் அடிச்சுச்சு. அந்தக் கதவு திறந்ததாலதான், முன்னாள் அதிபர் ஃபுஜிமோரிக்கு 2009-ல 25 வருஷம் கிடைச்சுது. ஆனா, 2023 டிசம்பர்ல கோர்ட் 'விடாதே'னு சொல்லியும் பெரு அவரை வெளியே விட்டுச்சு. அடுத்த செப்டம்பர்ல வீட்டுல இறந்துபோனார். வெனிசுலா 2012-ல ஒப்பந்தத்துலேருந்தே விலகுறதா எழுதிக் கொடுத்துச்சு. ரஷ்யா 2022-ல ஐரோப்பிய ஒப்பந்தத்தை விட்டு வெளியே போயிடுச்சு.

'எங்கேயோ நடக்குது'னு பக்கத்தைத் திருப்பாதீங்க ஃப்ரெண்ட்ஸ். 1976 மார்ச் 1-ம் தேதி, எமர்ஜென்சி நேரம். கோழிக்கோடு ஆர்.இ.சி.யில கடைசி வருஷம் இன்ஜினீயரிங் படிச்ச ராஜனை போலீஸ் பிடிச்சிட்டுப் போச்சு. இன்னிக்கு அந்தக் காலேஜ்தான் என்.ஐ.டி. அடுத்த மாசமே, எமர்ஜென்சியில ஆட்கொணர்வு மனு போடவே முடியாதுனு நம்ம சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ராஜனோட அப்பா ஈச்சர வாரியர் ஒரு பேராசிரியர். 1977-ல எமர்ஜென்சி முடிஞ்சதும் கேரள ஹைகோர்ட் படியேறினார். 'பையனைக் கொண்டுவந்து நிறுத்து'னு கோர்ட் சொல்ல, அரசாங்கத்தால முடியலை. முதலமைச்சர் கருணாகரன் ராஜினாமா பண்ணினார். ராஜனோட உடல் கிடைக்கவே இல்லை.

அந்த 2006 ஒப்பந்தத்துல இந்தியா 2007-ல கையெழுத்துப் போட்டுச்சு. உறுதி செய்யலை. இலங்கை 2016-ல உறுதி செஞ்சு, 2018-ல சட்டமும் போட்டுச்சு. கிளிநொச்சியிலயும் வவுனியாவுலயும் 2017-ல புள்ளைங்க போட்டோவோட ரோட்டோரம் வந்து உட்கார்ந்த அம்மாக்கள் கேட்டது, சான் ஹோசேயில கேட்ட அதே கேள்விதான். என்ன ஆச்சு?

ஸ்ட்ராஸ்பர்க்ல ஒரு கோர்ட் இருக்கு, சான் ஹோசேயில இருக்கு, ஆப்பிரிக்காவுக்கு டான்சானியாவோட அருஷாவுல இருக்கு. ஆசியாவுக்கு இல்லை. "நம்ம ஆயுசுல வராது"ங்கிறா என் ஃப்ரெண்ட். "வரும்"ங்கிறேன் நான். ஒரு செட் பரோட்டா பந்தயம் கட்டியிருக்கோம். நீங்க எந்தப் பக்கம்?