ஏழுக்கு நாலு

இலங்கையின் பதுளையிலிருந்து புறப்படும் ரயில் தெமோதரையில் ஒரு வேடிக்கை காட்டும். ஸ்டேசனுக்கு அடியில் சுரங்கத்துக்குள் நுழைந்து, குன்றைச் சுற்றி ஏறி, சற்றுமுன் கீழே கடந்துவந்த அதே ஸ்டேசனில் போய் நிற்கும். கங்காணி ஒருவர் தலைப்பாகையை அவிழ்த்துச் சுற்றுவதைப் பார்த்துத்தான் எஞ்சினியருக்கு இந்த யோசனை வந்தது என்று ஒரு கதை உண்டு. கதை மெய்யோ பொய்யோ, பாதை 1924இல் பதுளையை எட்டிய பெருமையில் கங்காணிக்கும் ஒரு பங்கு கிடைத்ததே!

மேலே ஒரு தண்டவாளம், கீழே ஒரு தண்டவாளம். விஞ்ஞானக் கதை எழுதுகிறவர்களுக்கு இது போதும்: சமாந்தரமாக ஓடும் இரண்டு காலங்கள், எப்போதாவது சில நிமிடம் உரசிக்கொண்டு விலகும் என்று ஒரு கோட்பாடே கட்டிவிடுவார்கள். 1957இல் ஹியூ எவரெட் என்ற அமெரிக்கர் எழுதிய இயற்பியல் ஆய்வேட்டில் பிரபஞ்சத்துக்குக் கிளைகள் உண்டு, உரசல் இல்லை. பிரிந்த கிளைகள் ஒன்றோடொன்று பேச வழி கிடையாது.

பதுளை இருக்கும் ஊவா மாகாணத்துத் தேயிலைத் தோட்டங்களில் கிளை பிரிந்ததற்குக் காரணம் இரண்டு பிரதமர்கள்.

1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்களான இந்திய வம்சாவளித் தமிழர்களை 1964 ஒக்டோபர் 30 அன்று இலங்கையின் சிறிமாவோவும் இந்தியாவின் சாஸ்திரியும் ஒப்பந்தம் எழுதிப் பங்கு போட்டார்கள். மொத்தம் 9,75,000 பேர் என்று கணக்கு. இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000. மிச்சம் ஒன்றரை லட்சம் பேரை 1974இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பிரித்தன. ஏழு பேர் அங்கே போனால் நாலு பேருக்கு இங்கே பிரஜாவுரிமை என்பது விகிதம். மனிதர்களை இப்படி மாக்கலவைக் கணக்கில் அளந்தது வேறெங்கும் நடந்ததா தெரியாது. ஒரே லய வீட்டு வரிசையில் அண்ணனுக்குப் பாஸ்போர்ட் வரும், தம்பிக்கு வராது. அண்ணன் குடும்பம் தலைமன்னாரில் 'ராமானுஜம்' கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாம் வழியாக நீலகிரிக்குப் போகும். அங்கே தாயகம் திரும்பியவர்களுக்காகவே 1968இல் தமிழ்நாடு அரசு தேயிலைத் தோட்டம் போட்டிருந்தது. மறுபடியும் அதே கொழுந்து, அதே கூடை, அதே அட்டைக்கடி.

பேரில்தான் குறும்பு. நீலகிரியின் கூடலூரில் அண்ணன் 'சிலோன்காரன்'. பதுளையில் தம்பி, குடிசன மதிப்பீட்டுப் படிவத்தில் 'இந்தியத் தமிழர்'. அவரவருக்கு வாய்க்காத நாட்டின் பெயரே அவரவருக்கு ஒட்டிக்கொண்டது.

"நாங்களும் அன்னைக்குப் போயிருந்தா..." என்ற பேச்சு எல்லா ஊரிலும் உண்டு. மற்ற ஊர்களில் அது வெறும் கற்பனை. இங்கே அந்தப் 'போயிருந்தா'வுக்கு ஒரு விலாசம் இருந்தது, கடுதாசி போட்டால் பதிலும் வந்தது. கப்பல் 1984இல் நின்றது. அதன்பின் தபாலும் தொலைபேசியும்தான்.

ஒருகட்டத்தில் கடிகாரமே பிரிந்தது. வறட்சியால் மின்சாரம் போதாமல் 1996 மே மாதம் இலங்கை நேரத்தை ஒரு மணிநேரம் முன்னே தள்ளினார்கள். அதே வருடம் ஒக்டோபரில் அரை மணி பின்னே இழுத்தார்கள். ஏறத்தாழ பத்து வருடம், கூடலூரில் ஆறு என்றால் பதுளையில் ஆறரை. புலிகளின் பகுதியிலோ பழைய நேரமே ஓடியது. ஒரே தீவுக்குள் இரண்டு மணி! 2006 ஏப்ரலில் எல்லாம் பழையபடி ஒன்றானது. அதை எதிர்த்தவர்களில் ஒருவர் ஆர்தர் சி. கிளார்க், காலத்தைப் பற்றிக் கதை எழுதியவருக்கு அதில் அக்கறை இருக்காதா?

2014 ஒக்டோபர் 29 காலை, பதுளை மாவட்டத்தின் கொஸ்லாந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. பள்ளிக்கூடம் போயிருந்த பிள்ளைகள் திரும்பி வந்தபோது வீடு இருந்த இடத்தில் சேறுதான் கிடந்தது. மறுநாள் ஒப்பந்தத்துக்கு ஐம்பது வயது. இந்தியாவுக்குப் போனவர்கள் தப்பித்தார்கள் என்று சொல்லிவிடவும் முடியவில்லை. 2022இல் நீலகிரியில் அந்த அரசுத் தோட்டத்தின் ஒரு பகுதியை வனத்துறைக்கே திருப்பிக் கொடுக்க முடிவானது.

இப்போது வாட்ஸப்பில் முகம் பார்த்தே பேசுகிறார்கள். சிக்னல் கிடைக்கும் மேட்டில் ஏறி நின்றால் பத்து நிமிடம் ஓடும். மழைக்காலத்தில் கேள்வி அங்கிருந்து வரும்: "உங்க பக்கம் மண்ணு சரியுதாமே?" மற்ற நாட்களில் இங்கிருந்து போகும்: "பெரியம்மா, உங்களயும் வீட்டக் காலி பண்ணச் சொல்றாங்களாமே, நெசமா?"