பழைய வாக்கி டாக்கியும் வேதாரண்யத்து அக்காவும்



போன வாரம் போட்ட படத்தைப் பார்த்துவிட்டு, "சார், கையில் என்ன, போலீஸ் வாக்கி டாக்கியா?" என்று பலர் கேட்டிருந்தீர்கள். அது ஹாம் ரேடியோ. யாயேசு வி.எக்ஸ்-7ஆர். கம்பெனி இதைத் தயாரிப்பதை நிறுத்திவிட்டது. திருச்சியில் ஒரு மூத்த ஹாமிடம் செகண்ட் ஹேண்டில் வாங்கினேன். என் லைசென்ஸைப் பார்த்த பிறகே கொடுத்தார்.

மெக்னீசியம் உடம்பு. புதிதாக இருந்தபோது மூன்றடித் தண்ணீரில் அரை மணி நேரம் கிடந்தாலும் ஒன்றும் ஆகாது. வாளியில் போட்டுப் பார்க்கலாமா என்று கேட்டேன். "வேண்டாம் சார், ரப்பர் சீலுக்கெல்லாம் வயசாயிடுச்சு" என்றார். வீட்டில் இதைச் சொன்னதும் என் வீட்டுக்காரம்மா என்னை ஏற இறங்கப் பார்த்துச் சிரித்தார்.

பேட்டரிதான் தலைவலி. கூட வந்தது இருபது நிமிடத்தில் படுத்துவிட்டது. வேறு பேட்டரி வாங்கிப் போட்டேன். பழைய செட் வாங்குகிறவர்கள் முதலில் பேட்டரியை விசாரியுங்கள்.

இந்த வயதில் இது எதற்கு என்கிறீர்களா? 2018 நவம்பர் 16 விடிகாலையில் கஜா புயல் கரையைக் கடந்தது. வேதாரண்யத்தில் அக்கா தனியாக இருந்தார். தஞ்சாவூரிலிருந்து நான்கு நாள் போன் போட்டும் லைன் கிடைக்கவில்லை. ஐந்தாம் நாள் அந்தத் தெருக்காரர் ஒருவர் சொல்லித்தான் தெரிந்தது. ஓடு பறந்த வீட்டில், சமையற்கட்டு மூலையில் உட்கார்ந்திருந்தாராம். முப்பத்திரண்டு வருடம் மின்காந்த அலைப் பாடம் நடத்தியவன், அந்த நான்கு நாளும் கையைப் பிசைந்துகொண்டிருந்தேன். அதன் பிறகுதான் ஹாம் பரீட்சைக்குப் படித்தேன்.

அன்றைக்கு இந்த செட் இருந்திருந்தால் அக்காவிடம் பேசியிருக்கலாமா? முடியாது. உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இதன் சக்தி 5 வாட். 144 மெகாஹெர்ட்ஸ் அலை ஏறக்குறைய நேர்கோட்டில் போகும்; கைக்குக் கை சில கிலோமீட்டர்தான். உயரத்தில் ரிப்பீட்டர் இருந்தால் ஊர் தாண்டும். அதற்கும் புயலில் கரண்ட் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, அந்தப் பக்கம் லைசென்ஸ் உள்ள ஓர் ஆள் வேண்டும்.

அந்த ஆளைத்தான் இப்போது தேடுகிறேன். வேதாரண்யம், கோடியக்கரைப் பக்கம் இருக்கும் என் பிள்ளைகளே, 12 வயது நிறைந்த யாரும் பரீட்சை எழுதலாம். உங்கள் பிள்ளைகளையும் அனுப்புங்கள்.

அக்கா போன வருடம் போய்ச் சேர்ந்தார். அவர் தெருவில் இன்னும் ஆட்கள் இருக்கிறார்கள். பாடம் சொல்லித் தர நான் இருக்கிறேன். கூப்பிடுங்கள், போன் வேலை செய்யும்போதே.