ஒரு முற்றம், பல குடித்தனங்கள்

பங்குனி, மூன்றாம் வாரம்

விழுப்புரத்தை அடுத்த முகையூர் போன்ற ஊர்களிலிருந்து திண்டிவனம் வழியாகச் சென்னைக்குப் பிழைப்புத் தேடிச் சென்றோர் பலருக்கு வாய்த்த இருப்பிடம் ஒண்டுக்குடித்தனம். ஒரே முற்றத்தையும் குழாயையும் கழிப்பறையையும் பல குடும்பங்கள் பங்கிட்டுக்கொண்டு, ஆளுக்கொரு ‘போர்ஷனில்’ வாடகைக்கு வாழும் இம்முறையைத் திருவல்லிக்கேணியின் பழைய வீடுகளில் காணலாம். கே. பாலசந்தரின் ‘எதிர்நீச்சல்’ (1968) திரைப்படமும் இத்தகைய வீட்டையே களமாகக் கொண்டது.

வெயில் ஏறும் இம்மாதத்தில் ஒரு போர்ஷனில் அம்மை கண்டால் வாசலில் வேப்பிலை செருகப்படும். அம்மை கண்ட வீட்டில் தாளிக்கலாகாது என்பது விதி. தாளிப்பு வாசம் சுவரைக் கடக்கும் என்பதால் அடுத்த வீட்டாரும் தாளிப்பதை நிறுத்துவர். பெரியம்மை ஒழிந்ததென 1980இல் உலகச் சுகாதார நிறுவனம் அறிவித்த பின்னரும், சின்னம்மைக்கு இவ்விதி நீடித்தது. கொப்புளம் தோன்றுவதற்கு ஓரிரு நாள் முன்பே சின்னம்மை தொற்றத் தொடங்கிவிடுமாதலால் வேப்பிலை சற்றுத் தாமதமான எச்சரிக்கையே. எனினும் வருவோர் போவோரைத் தடுத்த அளவில் அது பயன்பட்டது என்பதை மறுக்க இயலாது.

ஆடி வெள்ளி

ஆடியில் குடிபுகுவதில்லை என்பதால் காலியான போர்ஷன் ஆவணி வரை காத்திருக்கும். விளக்கு வைத்தபின் உப்பும் ஊசியும் பணமும் கொடுத்தால் இலட்சுமி வெளியேறுவாள் என்பது நம்பிக்கை. கைமாற்றிலேயே மாதக் கடைசியைக் கடத்தும் குடும்பங்கள் இதற்காக ஒருவரையொருவர் கைவிடவில்லை. அந்திக்கு முன்பே கேட்டு வாங்கிக்கொண்டன.

ஆவணி, முகூர்த்த நாள்

கணவனை இழந்த பெண் எதிரே வருவது கெட்ட சகுனம் என்ற நம்பிக்கையே இவ்வீடுகளில் மிகக் கொடியதாயிற்று. அகன்ற தெருவில் விலகிச் செல்ல வழியுண்டு. ஓராள் நடக்கும் நடையிலோ, வேலைக்கும் தேர்வுக்கும் பிறர் புறப்பட்டுச் செல்லும்வரை அவர் தம் கதவுக்குப் பின்னால், குழாயில் தண்ணீர் நின்றுவிடும் என்று தெரிந்தும், காத்திருக்க வேண்டியதாயிற்று. ஆபத்துக்கு முதலில் ஓடிவரும் அதே அண்டைவீட்டார்தாம் இதையும் அவரிடம் எதிர்பார்த்தனர். அம்மை விதிக்கு நோய்த்தடுப்பு என்ற காரணமாவது உண்டு. இதற்கு எக்காரணமும் இல்லை.

1970இல் தொடங்கப்பட்ட குடிசைமாற்று வாரியம் கட்டிய அடுக்குமாடிகளில் கதவுகள் தனி, படிக்கட்டு பொது. அப்படிக்கட்டில் கணவனை இழந்த பெண் எந்த நேரத்திலும் தயங்காமல் இறங்கிவரும்படி உடன் குடியிருப்போர் நடந்துகொள்ள வேண்டும்.