கிள்ளான் இறாலும் பங்களா சமையலும்

நீங்கள் கடைசியாக எப்போது கிள்ளானுக்கு ரயிலில் போனீர்கள்? பஸ்ஸில் போனதையும் மோட்டார் சைக்கிளில் போனதையும் நான் கேட்கவில்லை. விடியற்காலை ரயிலேறிப் போய், இறால் வாங்கிக்கொண்டு, வெயில் ஏறுவதற்குள் அதே ரயிலில் திரும்பி, அன்றிரவே பிள்ளைகளுக்குச் சமைத்துப் போட்டதுண்டா? இல்லையென்றால் இந்தப் பக்கத்தைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

என் வீடு பிரிக்பீல்ட்ஸில். இந்த ஊருக்கு ஏன் இந்தப் பெயர் என்று உங்களுக்குத் தெரிந்திருக்கும். 1881-ஆம் ஆண்டில் தீயும் வெள்ளமும் கோலாலம்பூரை அழித்த பிறகு, அத்தாப்புக் கூரையும் மரப் பலகையும் போதும் என்று விட்டுவிடாமல், செங்கல்லும் ஓடும் வைத்துத்தான் நகரைக் கட்ட வேண்டும் என்று வெள்ளைக்கார அதிகாரிகள் முடிவு செய்தார்கள். அதற்கான செங்கல் சூளைகள் எழுந்த இடம் இது. பிறகு ரயில்வே வந்தது. ரயில்வேயோடு நம்மவர்களும் யாழ்ப்பாணத்துக் கிராணிமார்களும் வந்து குடியேறினார்கள். சரக்கு வண்டிகளைப் பிரித்துக் கோத்த தண்டவாளங்கள் கிடந்த நிலத்தில்தான் 2001-இல் கே.எல். சென்ட்ரல் நிலையம் திறக்கப்பட்டது. அங்கிருந்து கிள்ளானுக்கு நேரே கோமுட்டர் ரயில் போகிறது.

சரி, கதைக்கு வருகிறேன். எங்கள் வீட்டில் ஒரு சிறிய மின்சார அடுப்பு இருக்கிறது. ரொட்டி வாட்டுவதற்கென்று வாங்கியது. என் மகள் ஒருநாள் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து, தோழியின் பிறந்தநாளுக்குக் கடையில் சீஸ் போட்டுச் சுட்ட இறால் சாப்பிட்டதாகச் சொன்னாள். கம்பி கம்பியாக இழுத்ததாம்! "நீங்களும் செய்யுங்களேம்மா" என்றாள். மூலையில் உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்த என் தாயார், "அது துரை வீட்டுச் சாப்பாடு புள்ள" என்றார்கள். அவ்வளவுதான், வேறொன்றும் சொல்லவில்லை.

என் தாயார் பந்திங் பக்கத்துத் தோட்டமொன்றில் முப்பது வருடம் பால் வெட்டியவர்கள். இடையில் நாலைந்து வருடம், காலையில் பால் வெட்டிவிட்டு, மத்தியானத்தில் துரை பங்களா அடுப்படியில் கைவேலைக்குப் போயிருக்கிறார்கள். விருந்தாளி வரும் நாளில் இறால் கூடையோடு வந்து இறங்குமாம். உரித்துக் கொடுப்பது அம்மாவின் வேலை. பங்களாவின் சமையற்காரப் பெரியவர் அதைப் பால் குழம்பில் போட்டு, மேலே சீஸ் துருவித் தூவி, விறகு அடுப்பில் சுட்டு எடுப்பாராம். மேசைக்குப் போன தட்டு திரும்பி வரும்போது வழித்துத் துடைத்ததுபோல் இருக்கும் என்பார்கள். தலையையும் ஓட்டையும் மட்டும் அம்மா இலையில் கட்டி லயத்துக்குக் கொண்டு வருவார்கள். அந்தத் தலைகளை இடித்து வைத்த குழம்பில்தான் நாங்கள் வளர்ந்தோம். அதில் எனக்கொன்றும் வருத்தமில்லை. அப்படியொரு குழம்பை எந்தக் கடையிலும் நான் சாப்பிட்டதில்லை. ஆனால் அத்தனை வருடம் இறால் உரித்த கை அந்தப் பண்டத்தை ஒருநாளும் வாயில் வைத்ததில்லை என்பது எனக்கு அன்றுதான் உறைத்தது.

மறு ஞாயிறு அம்மாவையும் அழைத்துக்கொண்டு ரயிலேறினேன். பிரிக்பீல்ட்ஸ் பக்கத்திலேயே இறால் கிடைக்காதா என்று என் கணவர் கேட்டார். கிடைக்கும். ஆனால் இறாலைக் கடல் பக்கம் போய்த்தான் வாங்க வேண்டும் என்பது அம்மாவின் சட்டம்.

இந்த ரயில் பயணத்தைப் பற்றி உங்களுக்குச் சொல்லியே ஆக வேண்டும். சன்னலோரம் உட்கார்ந்து அம்மா ஒவ்வொரு ஸ்டேஷனாக எனக்குப் பாடம் நடத்தினார்கள். சுபாங் ஜெயா வந்ததும், "இது சீபீல்டு தோட்டம்" என்றார்கள். வெளியே மாடிக் கட்டடங்கள்தான் தெரிந்தன. ஆனால் அம்மா சொன்னது சரி: சீபீல்டு தோட்டத்து நிலத்தில்தான் 1976 முதல் அந்த ஊர் எழும்பியது. ஷா ஆலாமும் அப்படித்தான். சுங்கை ரெங்கம் தோட்டமாக இருந்த இடம் 1978-இல் சிலாங்கூரின் தலைநகரானது. எங்கள் தோட்டமும் பிறகு வீடமைப்புக்கு விற்கப்பட்டது. அதற்குப் பின் அம்மா என்னோடு இருக்கிறார்கள். பாடாங் ஜாவாவும் புக்கிட் படாக்கும் கடக்கும்வரை அவர்கள் கண்ணுக்குத் தெரிந்தது மரங்கள்தான், எனக்குத் தெரிந்தது கூரைகள்தான்.

கோலாலம்பூரையும் கிள்ளானையும் இணைத்த இந்தப் பாதை 1886-இல் திறந்தது. முதலில் ஆற்றுக்கு இந்தப் பக்கம் புக்கிட் கூடாவோடு நின்றது. பின்னால் கடற்கரைக்கு நீண்டு, 1901-இல் சுவெட்டன்ஹாம் துறைமுகம் திறந்தபோது, சில மாதங்களிலேயே மலேரியா ஆட்களை அள்ளிக்கொண்டு போனது. துறைமுகத்தை மூடிவிடலாமா என்றுகூட யோசித்தார்கள். மால்கம் வாட்சன் என்ற டாக்டர் சதுப்பு நீரை வடிய வைத்துக் காய்ச்சலைக் கட்டுப்படுத்தினார். அந்தத் துறைமுகத்துக்குத்தான் 1972-இல் கிள்ளான் துறைமுகம் என்று பெயர் மாறியது.

கிள்ளானில் இறங்கி ஒரு டாக்சி பிடித்து மேரு சாலைச் சந்தைக்குப் போனோம். அதிகாலையில் அந்தச் சந்தையைப் பார்க்க வேண்டும்! ஐஸ் தண்ணீர் காலடியில் ஓட, தமிழும் மலாயும் ஹொக்கியனும் ஒரே மூச்சில் கேட்கும். வெள்ளை இறால், புலி இறால், பொடி இறால் என்று குவியல் குவியலாக இருந்தது. இந்தச் சுடுகிற சமையலுக்குப் பெரிய புலி இறால் வேண்டியதில்லை. நடுத்தர வெள்ளை இறால் போதும், விலையும் கையைக் கடிக்காது. அம்மா ஒவ்வொன்றாக எடுத்துத் தலையை லேசாக அசைத்துப் பார்த்தார்கள். தலை தொங்கினால் பழசு. ஓடு பளபளவென்று உடம்போடு ஒட்டியிருக்க வேண்டும். தலையோரம் கொஞ்சம் கறுத்திருந்தால் பயப்படாதீர்கள், வெட்டிய ஆப்பிள் கறுப்பதுபோல்தான் அது, அழுகல் அல்ல. ஆனால் மூக்கில் குத்தும் நெடி அடித்தால் இலவசமாகக் கொடுத்தாலும் வேண்டாம்.

ஒரு கிலோ வாங்கி, ஐஸ் போட்ட பெட்டியில் அடைத்துக்கொண்டோம். திரும்பும் வழியில் தெங்கு கிளானா சாலையில் கறிவேப்பிலையும் சின்ன வெங்காயமும் வாங்கியதோடு சரி. புடவைக் கடைப் பக்கம் அம்மாவின் கால் திரும்பியது. கையில் இறால் இருக்கும்போது புடவை பார்க்கக் கூடாது என்று இழுத்து வந்துவிட்டேன். நீங்கள் வேறொரு நாள் வெறுங்கையோடு வந்தால், ரயிலை விட்டு இறங்காமல் பாதை முடியும் இடம்வரை போங்கள். நிலையத்தை ஒட்டிய படகுத் துறையிலிருந்து பூலாவ் கெத்தாமுக்குப் படகு போகிறது. கால் நட்டுத் தண்ணீர்மேல் கட்டிய வீடுகள், கார் இல்லாத தெருக்கள், சுற்றிலும் அலையாத்திக் காடு. அந்தக் காட்டு வேர்களுக்கிடையில்தான் இறால் குஞ்சுகள் ஒளிந்து வளர்ந்து பிறகு கடலுக்குப் போகின்றன. காட்டை வெட்டினால் இறாலும் குறையும்.

வீடு வந்ததும் அம்மா ஒரு கேள்வி போட்டார்கள். "சீஸுல கன்னுக்குட்டி வயித்துல எடுக்குற சாமான் சேக்குறாங்களாமே? பங்களாவுல சமையல்காரர் சொன்னாரு." எங்கள் வீட்டில் மாட்டிறைச்சி சேர்ப்பதில்லை. உங்களில் பலர் வீட்டிலும் அப்படித்தான் இருக்கும், ஆகவே இதை விவரமாகச் சொல்கிறேன். பெரியவர் சொன்னது மெய்தான். பாலை உறைய வைக்கும் ரென்னட் என்ற பொருளைப் பழங்காலம்தொட்டுப் பால் குடிக்கும் கன்றின் இரைப்பையிலிருந்துதான் எடுத்தார்கள். அதே பொருளை நுண்ணுயிர்களை வைத்துத் தயாரிக்கும் முறைக்கு அமெரிக்காவில் 1990-இல் அனுமதி கிடைத்தது. இன்று சீஸ் செய்வதில் இந்த முறைதான் பெருமளவு. பொட்டலத்தில் 'மைக்ரோபியல் ரென்னட்' என்றோ சைவருக்கு ஏற்றது என்றோ அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். ஹலால் முத்திரை இருப்பதாலேயே மாட்டுப் பொருள் இல்லை என்று ஆகிவிடாது. அது வேறு, இது வேறு. நான் பொட்டலத்தைக் காட்டிப் படித்துச் சொன்னேன். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, தமக்குப் படிக்கத் தெரியாத அந்த எழுத்தை இரண்டு தடவை உற்றுப் பார்த்துவிட்டு, "ம்" என்றார்கள்.

இனி சமையல். ஐந்து பேருக்கு அரைக் கிலோ உரித்த இறால் வேண்டும். ஒரு கிலோ முழு இறாலில் ஏறக்குறைய அவ்வளவு தேறும். முதுகுக் குடலை நீக்கி, கழுவி, துணியில் ஈரம் போக ஒற்றி எடுங்கள். இந்த ஒற்றுவதை விட்டுவிட்டால் தட்டு முழுக்கத் தண்ணீர் நிற்கும். உப்பு, மிளகுத் தூள், ஒரு சிட்டிகை மஞ்சள் பிசறி வையுங்கள்.

நான் தலையையும் ஓட்டையும் குப்பைக்குத் தள்ளப் போனேன். அம்மா கையைத் தட்டிவிட்டார்கள். சட்டியில் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு, அவற்றைச் சிவக்க வதக்கி, மத்தின் அடியால் நசுக்கி, ஒரு கோப்பைத் தண்ணீர் விட்டுக் கொதிக்கவைத்து வடிகட்டினார்கள். இளஞ்சிவப்பாக அரைக் கோப்பைச் சாறு வந்தது. வீடே மணத்தது.

அடுத்து வெள்ளைக் குழம்பு. இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெயில் நாலு பல் பூண்டு, ஐந்தாறு சின்ன வெங்காயம், இரண்டு பச்சை மிளகாய், கறிவேப்பிலை எல்லாவற்றையும் பொடியாக நறுக்கி வதக்குங்கள். இரண்டு மேசைக்கரண்டி கோதுமை மாவு தூவி, நிறம் மாறாமல் ஒரு நிமிடம் கிளறி, ஒரு கோப்பைப் பாலையும் அந்த இறால் சாற்றையும் சிறிது சிறிதாக விட்டுக் கட்டி தட்டாமல் கிண்டுங்கள். கரண்டியின் முதுகில் ஒட்டும் பதம் வந்தால் இறக்கிவிடலாம். சூடான சட்டியில் இறாலை ஒரே ஒரு நிமிடம் புரட்டி, தட்டில் பரப்பி, குழம்பை ஊற்றி, மேலே 150 கிராம் சீஸ் துருவிப் போடுங்கள். கம்பியாக இழுக்க மொசரெல்லா, ருசிக்குச் செடார். இரண்டும் பாதிப் பாதி நல்லது. அந்தக் காலத்து நீலத் தகர டின் போன்ற பதப்படுத்திய சீஸ் மட்டுமே கிடைத்தாலும் குறையில்லை. அது எண்ணெய் பிரியாமல் ஒழுங்காக உருகும்.

அடுப்பை முன்கூட்டியே 200 டிகிரிக்குச் சூடாக்கி வைத்து, எட்டு முதல் பத்து நிமிடம் சுட்டால் போதும். நான் முதல் தடவை, பக்கத்து வீட்டம்மாவோடு பேச்சில் இருந்து, இருபது நிமிடம் விட்டுவிட்டேன். இறால் ரப்பராகிவிட்டது. ரப்பரைப் பற்றி நமக்கு யாரும் சொல்லித் தர வேண்டாம் அல்லவா! பதமாக வெந்த இறால் பிறைபோல் வளைந்திருக்கும். வளையமாகச் சுருண்டால் கடந்துவிட்டது என்று பொருள்.

மின்சார அடுப்பு இல்லாதவர்கள் மனம் சோர வேண்டாம். மலாய்க்காரர்கள் பாஹுலு சுடும் முறை நினைவிருக்கிறதா? கீழேயும் கரி நெருப்பு, மூடியின் மேலேயும் கரி நெருப்பு. கனத்த சட்டிக்குள் ஒரு முக்காலி வைத்து, அதன்மேல் தட்டை இறக்கி, தகர மூடியில் தணலைப் பரப்பினால் மேலே பொன்னிறமாகச் சிவந்துவிடும். ஒரு கண் மட்டும் அதன்மேலேயே இருக்கட்டும். இன்னொன்று: இறால் சிலர் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாது. தடிப்போ மூச்சுத் திணறலோ ஒருமுறை வந்திருந்தால் அவருக்கு வேறு கறி வையுங்கள்.

அன்றிரவு இரண்டாவது தட்டு சரியாக வந்தது. பிள்ளைகள் ரொட்டியோடு சாப்பிட்டார்கள். என் கணவர் சோற்றில் பிசைந்துகொண்டார். பார்க்கச் சகிக்கவில்லை, ஆனால் மூன்று தடவை போட்டுக்கொண்டார். அம்மாவுக்கு நானே ஒரு தட்டில் வைத்துக் கொடுத்தேன். ஒரு இறாலைப் பிட்டு, மேலே இழுத்த சீஸை விரலால் அறுத்து, நிதானமாக மென்றார்கள். எல்லோரும் அவர்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"அந்தச் சாறு ஊத்தினது நல்லது" என்றார்கள். "அங்கே அது கிடையாது. மொளகா இன்னும் ரெண்டு போடலாம்."

பிறகு தட்டின் ஓரத்தில் கருகி ஒட்டியிருந்ததைக் கரண்டியால் சுரண்டித் தம் பக்கம் இழுத்துக்கொண்டார்கள். அதில் பங்கு கேட்ட பேத்திக்கு ஒரு துண்டு கிடைத்தது. எனக்குக் கிடைக்கவில்லை.