நடுக்களத்துல ஒரு எஸ்.ஐ.

வடபழனி சிக்னல். டீக்கடை வாசல்ல மெஸ்ஸியா ரொனால்டோவான்னு பசங்க பஞ்சாயத்து.

"இந்துமதி கதிரேசன் தெரியுமாப்பா?"ன்னேன்.
"எந்த சீரியல் அங்கிள்?"

அடேய்!
கடலூர்க்காரங்க. இந்தியாவுக்கு ஆடின மிட்ஃபீல்டர்.
2019 தெற்காசிய பெண்கள் கால்பந்து (சாஃப்) அரையிறுதில பங்களாதேஷுக்கு எதிரா ரெண்டு கோல். அதே வருஷம் சேது எஃப்சி இந்தியன் விமன்ஸ் லீக் ஜெயிச்சப்போ டீம்ல இருந்தாங்க.
தமிழ்நாடு போலீஸ்ல எஸ்.ஐ. வேற.
2020 லாக்டவுன்ல சென்னை ரோட்டுல டியூட்டி.

மிட்ஃபீல்டர்னா பந்தை வாங்கி, பிரிச்சுக் கொடுத்து, திரும்ப ஓடிவந்து தடுக்கணும். பேப்பர்ல பேரு என்னவோ கோல் போட்டவங்களுக்குத்தான்.

மெட்ரோ படில பாதி ஏறி, போன் பாக்குற மாதிரி நின்னு மூச்சு வாங்குற ஆளு நான். எனக்கு ஏன் இவ்ளோ கோவம்?

ஆமா, காக்கியும் ஜெர்சியும் ஒரே ஆளு மாத்தி மாத்திப் போடுறது பெருமையா, இல்ல பந்து மட்டும் சோறு போடாதுன்னா?